சொல்லின் வயது கண்ட சான்றோர்: டாக்டர் ஹெர்மன் ஜாகோபி

வைகறையில் எழுந்து பஞ்ச நமஸ்கார மந்திரத்தை ஓதுதல் நம் இல்லங்களில் தொன்றுதொட்டு வரும் வழக்கம். சிறு குழந்தையும் பிழையின்றி ஓதும் அம்மந்திரம் தமிழன்று, வடமொழியும் அன்று. பிராகிருதம் என்னும் பண்டை மக்கள் மொழியில் அமைந்தது. அதில் வரும் ஆயரிய என்பது வடமொழியின் ஆசார்ய. உவஜ்ஜாய என்பது உபாத்யாய. லோஏ என்பது லோகே. ஸவ்வ என்பது ஸர்வ. ஸாஹூ என்பது ஸாது. இவ்விணைகளை அடுத்தடுத்து வைத்து நோக்குவார்க்கு ஓர் உண்மை புலனாகும். இம்மாற்றங்கள் தாறுமாறாக நிகழ்ந்தவை அல்ல. இரண்டு உயிர்களுக்கு நடுவே நின்ற ககரமும் சகரமும் தேய்ந்து மறைகின்றன. பகரம் வகரமாகிறது. மூச்சுடன் ஒலிக்கும் தகரம் வெறும் ஹகரமாக எஞ்சுகிறது. ரகர மெய் தன்னை அடுத்த மெய்யில் கரைந்து அதனை இரட்டிக்கச் செய்கிறது. ஸர்வ என்பது ஸவ்வ ஆன அதே நெறியில்தான் தர்மம் தம்மம் ஆயிற்று. கர்மம் கம்மம் ஆயிற்று.

மொழி மாறும் என்பது நமக்குப் புதிய செய்தியன்று. பவணந்தி முனிவர் தம் நன்னூலை நிறைவு செய்யுமிடத்தில், காலத்தால் மொழியில் நேரும் மாற்றங்களைக் குற்றமெனக் கொள்ளலாகாது என்று அமைதி கூறிச் சென்றார். ஆயின் மாற்றம் உண்டென உணர்வது வேறு; அம்மாற்றத்தின் அடிச்சுவட்டைப் பற்றிச் சென்று ஒரு நூலின் காலத்தையும் ஒரு சமயத்தின் தொன்மையையும் அளந்தறிவது வேறு. இவ்வரிய பணியைச் சமண நூல்களைக் கொண்டு செய்து, சமணம் பௌத்தத்தின் கிளையன்று, அதனினும் முற்பட்ட தனிச் சமயமே என்று மேலைநாட்டார் ஏற்கும்படி நிறுவிய பெருமகனார் டாக்டர் ஹெர்மன் ஜாகோபி ஆவார். அன்னாரின் பெயரை அறியாத சமணர் இலர். எனினும் எவ்வழியில் அவர் இம்முடிபுக்கு வந்தார் என்பதை அறிந்தோர் சிலரே.

ஜெர்மனி நாட்டில் ரைன் ஆற்றங்கரையில் அமைந்த கொலோன் நகரில் 1850ஆம் ஆண்டு பிப்ரவரி 11ஆம் நாள் ஜாகோபி பிறந்தார். 1868இல் பெர்லின் நகருக்குச் சென்று முதலில் கணிதம் பயின்றார். விரைவிலேயே வடமொழியும் ஒப்பியல் மொழிநூலும் அவர் உள்ளத்தைக் கவர்ந்தன. பெர்லினில் ஆல்பிரெக்ட் வேபர், பான் நகரில் கில்டமெய்ஸ்டர் ஆகிய பேராசிரியர்களிடம் பாடங் கேட்டார். கணிதப் பயிற்சி வீண்போகவில்லை. 1872இல் பான் பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டத்திற்காக அவர் எடுத்துக்கொண்ட பொருள் இந்தியச் சோதிடத்தில் வழங்கும் ஹோரா என்னும் சொல்லும் கலையும் எங்கிருந்து வந்தன என்பதே. அச்சொல் கிரேக்கரிடமிருந்து வந்தது. பொழுதைக் குறிக்கும் அக்கிரேக்கச் சொல்லே வடமொழியில் ஹோரா ஆகி, நம் பஞ்சாங்கங்களில் ஓரை என வழங்குகிறது. ஆங்கிலத்தில் ஒருமணிப் பொழுதைக் குறிக்கும் சொல்லும் அதன் வழிவந்ததே. ஒரு சொல் நாடு விட்டு நாடு வந்த காலம் தெரிந்தால், அச்சொல்லை ஆளும் நூல் அதற்குப் பிற்பட்டது என்று துணியலாம். அத்துறையில் பேச வேண்டிய இடமிருந்தும் அதன் சாயலே இல்லாத நூல் முற்பட்டது என்று கருதலாம். இருபத்திரண்டு வயதில் கைவந்த இக்கருவியை ஜாகோபி வாழ்நாள் முழுவதும் பயன்படுத்தினார்.

அக்காலத்தில் ஐரோப்பிய அறிஞரிடையே சமணத்தைப் பற்றி நிலவிய கருத்து நமக்கு வருத்தம் தருவது. பான் பல்கலைக்கழகத்தில் புகழ்பெற்று விளங்கிய லாசென் என்பார் சமணம் பௌத்தத்திலிருந்து பிரிந்தது என எழுதியிருந்தார். இவர் 1837இலேயே பிராகிருத இலக்கணம் ஒன்றை இலத்தீன் மொழியில் இயற்றியவர். பகவதி என்னும் ஆகமத்தின் ஒரு பகுதியை ஆராய்ந்து 1860களில் வெளியிட்ட வேபரும், சமணர் பௌத்தரின் மிகப் பழைய ஒரு பிரிவினர் என்றே கொண்டார். இரு சமயத்தாருக்கும் துறவு உண்டு, கொல்லாமை உண்டு, இருவரும் வேதத்தை ஏற்பதில்லை. இரு தலைவர்களும் ஒரே நாட்டில் ஏறக்குறைய ஒரே காலத்தில் வாழ்ந்தனர். ஆகவே ஒன்று மற்றொன்றின் நிழலாக இருத்தல் வேண்டும் என்பது அவர்தம் துணிபு. கோல்புரூக் என்னும் ஆங்கிலேயர் ஒருவரே இதற்கு மாறாகச் சமணத்திற்கு முதன்மை தந்தார். ஆயின் அவர் காட்டிய சான்று உறுதியானதன்று. சமண நூல்கள் அச்சேறாமல் பண்டாரங்களில் பூட்டிக் கிடந்த காலம் அது. நூலைக் காணாமலே நூலுடையாரைப் பற்றி முடிவு கட்டினர் என்றால் மிகையாகாது.

1872–73இல் இலண்டனில் தங்கி இந்தியச் சுவடிகளைப் பயின்ற ஜாகோபிக்கு அடுத்த ஆண்டே நல்வாய்ப்பு ஒன்று அமைந்தது. பம்பாய் மாகாணத்தில் கல்வித்துறைப் பணியில் இருந்த கியோர்க் பூலர் என்னும் ஜெர்மானிய அறிஞர் அரசின் பொருட்டுச் சுவடிகளைத் தேடித் தொகுத்து வந்தார். 1873–74ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில் அவர் இராஜபுதனத்திற்குப் புறப்பட்டபோது ஜாகோபியும் உடன் சென்றார். பாலைவனத்தின் நடுவே ஜெய்சல்மேர் கோட்டைக்குள், பார்சுவநாதர் ஆலயத்தின் கீழ் அமைந்த பண்டாரத்தைக் காணும் பேறு இருவர்க்கும் கிடைத்தது. பனையோலையிலும் தாளிலும் பல நூற்றாண்டுகளாகக் காக்கப்பட்டு வந்த ஏடுகள் அங்கிருந்தன. இருபத்து நான்கு வயது நிரம்பப்பெறும் நிலையில் இருந்த அவ்விளைஞர்க்குச் சமண இலக்கியத்தின் பரப்பு எத்தகையது என்பது அன்றுதான் தெரிந்தது. அயல்நாட்டு நூலகத்தில் ஓரிரு ஏடுகளைக் காண்பது வேறு. அந்நூல்களைத் தெய்வமெனப் போற்றுவார் நடுவே நின்று காண்பது வேறு அன்றோ!

ஈண்டு மொழிநூலார் ஆய்வுமுறையைச் சிறிது விளக்குதல் தகும். பழைய இலக்கண ஆசிரியர்கள் வடமொழிச் சொல்லை முதலில் வைத்து, இன்ன எழுத்துக் கெடும், இன்ன எழுத்துத் திரியும் என விதி கூறிப் பிராகிருதச் சொல்லைப் பெற்றனர். சமணப் பேரறிஞர் ஹேமசந்திரர் தம் இலக்கண நூலின் 8ஆம் அத்தியாயத்தில் அவ்வாறே வகுத்தார். அவ்விதிகள் மிக நுட்பமானவை; இன்றும் பயன்படுபவை. ஆயின் 19ஆம் நூற்றாண்டு மொழிநூலார் அவ்விதிகளைக் காலத்தின் கண்கொண்டு நோக்கினர். இது எதிலிருந்து வந்தது என்பதோடு, இது எப்போது, எங்கு, எதன் பின் நிகழ்ந்தது என்றும் வினவினர். அதனால் ஓர் எதிர்பாராத உண்மை வெளிப்பட்டது. தேவர்களால் என்னும் பொருளில் செவ்வியல் வடமொழி தேவைஃ என்று கூறும். பிராகிருதமோ தேவேஹி என்று கூறும். முன்னதிலிருந்து பின்னது பிறக்க வழியில்லை. ஆனால் வேதத்தில் தேவேபிஃ என ஒரு வடிவம் உண்டு. மூச்சுடன் ஒலிக்கும் பகரம் ஹகரமாகும் என்னும் விதியை வைத்தால் தேவேஹி தானே அமைந்துவிடும். எனவே பிராகிருதம் காளிதாசன் எழுதிய வடமொழி கெட்டுப் பிறந்ததன்று. வேதகாலத்தில் மக்கள் பேசிய வழக்குகளிலிருந்து தனக்கென ஒரு வழியில் வளர்ந்து வந்தது. இழிந்தோர் மொழி எனச் சிலர் எள்ளிய மொழிக்கு இத்தகைய தொன்மை உண்டென்பது சமணர்க்குச் சிறிய செய்தியா?

சொல் பயணம் செய்யும் வழிகளும் வியப்பூட்டுவன. உபாத்யாய என்னும் சொல் பிராகிருதத்தில் உவஜ்ஜாய ஆகி, வடநாட்டில் மேலும் தேய்ந்து ஓஜா எனவும் ஜா எனவும் குடும்பப் பெயராக நிற்கிறது. அதே சொல் தமிழுக்கு வந்து உவாத்தி ஆகி, வாத்தியார் என நிலைபெற்றது. பீகாரில் வாழும் ஜாவும் நம் ஊர்ப் பள்ளிக்கூடத்து வாத்தியாரும் ஒரே சொல்லின் மக்கள்! சிரமண என்பது சமண ஆகி நமக்குப் பெயராயிற்று. சிராவக என்பது சாவகர் எனவும், யட்சி என்பது இயக்கி எனவும் பழந்தமிழில் வழங்கின. மதுரையை அடுத்த மாங்குளத்துக் குகைக் கல்வெட்டுகள் ஏறத்தாழ கி.மு. 2ஆம் நூற்றாண்டைச் சார்ந்தவை. அவற்றில் தம்மம் என்னும் சொல் பிராகிருத வடிவிலேயே காணப்படுகிறது. சமண முனிவர் இந்நாட்டிற்குக் கொண்டுவந்த மொழி எது என்பதற்கு அக்கல்லே சான்று.

இனி ஜாகோபியின் தலைசிறந்த பணிக்கு வருவோம். 1875இல் பான் பல்கலைக்கழகத்தில் ஆசிரியப் பணி தொடங்கி, 1876இல் மூன்ஸ்டர் நகரில் பேராசிரியரான அவர், 1879இல் பத்திரபாகுவின் கல்பசூத்திரத்தைப் பதிப்பித்தார். அதன் முன்னுரையிலேயே சமணத்தின் தனித்தன்மையை நிறுவினார். அவர் எடுத்துக்கொண்ட சான்றுகளுள் முதன்மையானது ஒரு பெயர். பௌத்தரின் பாலி நூல்களில் புத்தருடன் ஒரு காலத்தில் வாழ்ந்து மாறுபட்ட கொள்கை போதித்த ஆசிரியர் அறுவர் பேசப்படுகின்றனர். அவருள் ஒருவர் நிகண்ட நாதபுத்த எனப்படுவார். இவர் யார்? நிகண்ட என்பது நிர்க்கிரந்த என்னும் சொல்லின் பாலி வடிவம்; பற்றாகிய முடிச்சுகளை அறுத்தவர் என்பது பொருள். சமண முனிவர்க்கு அதுவே பழம்பெயர். அசோகனின் தூண் சாசனத்திலும் அப்பெயர் உண்டு. மணிமேகலையில் நிகண்டவாதி என வருவதும் அதுவே. நாதபுத்த என்பது வடமொழியில் ஞாத்ருபுத்திர ஆகும்; அர்த்தமாகதியில் நாயபுத்த ஆகும். வைசாலியை அடுத்த குண்டகிராமத்தில் ஞாத்ரு குலத்தில் தோன்றியவர் பகவான் மகாவீரர் அல்லரோ! பாலி தகரத்தைக் காத்தது. ஆகம மொழி அதனை நெகிழ்த்து யகரமாக்கியது. ஒலிமாற்ற விதி தெரியாதார்க்கு இவை வெவ்வேறு பெயர்கள்; தெரிந்தார்க்கு ஒரே பெயரின் இரு முகங்கள். பூலரும் தம் வழியில் இதே முடிவுக்கு வந்தார்.

பெயர் பொருந்தியதும் பிற செய்திகள் தாமே வந்து பொருந்தின. நாதபுத்தர் பாவாபுரியில் மறைந்தார் எனப் பாலி நூல் கூறும். பகவானின் நிர்வாணத் தலமும் அதுவே. மனம், மொழி, மெய் ஆகிய மூன்றின் தண்டம் பற்றி நிகண்டர் கூறியதாகப் பௌத்த நூல் எழுதியவை சமண நூலில் உள்ளபடியே இருந்தன. பௌத்தர் எவ்விடத்தும் நிகண்டரைப் புதிதாகத் தோன்றியவர் எனக் கூறவில்லை. தமக்கு முன்பே நிலைபெற்றிருந்த எதிரணியாகவே பேசுகின்றனர். இன்னும் ஒன்று: பாலி நூல் ஒன்று நாதபுத்தரின் கொள்கையை நால்வகை அடக்கம் எனக் குறித்தது. மகாவீரர் அருளியவை ஐந்து விரதங்கள் அன்றோ? நான்கு என்பது அவருக்கு முன் விளங்கிய பார்சுவநாதரின் நெறி என உத்தராத்தியயனம் கூறும். மாற்றாரின் நூலில் நேர்ந்த அப்பிழையே பார்சுவநாதரின் சங்கம் மகாவீரர்க்கு முன்பே உண்மையாக விளங்கியது என்பதற்குச் சான்றாயிற்று. பார்சுவநாதரை வரலாற்று மனிதராக மேலைநாட்டார் ஏற்றது இதன் பின்னரே.

ஆசிரியரின் கொள்கையை மாணவர் மறுத்தார். வேபர் எளிதில் இசையவில்லை. வேறு சிலர் சமண மரபுச் செய்திகள் பிற்காலத்தார் புனைவாக இருக்கலாம் என ஐயுற்றனர். இந்நிலையில் மதுராவில் கங்காளி மேட்டை அகழ்ந்தபோது குஷாணர் காலத்துச் சமணக் கல்வெட்டுகள் வெளிப்பட்டன. அவற்றைப் படித்த பூலர், கல்பசூத்திரத்தின் குருபரம்பரையில் வரும் கணம், குலம், சாகை ஆகியவற்றின் பெயர்கள் கல்லிலும் இருப்பதைக் கண்டு வெளியிட்டார். ஓலையில் இருந்த பெயரைக் கல் உறுதிப்படுத்தியது. அதன்பின் ஐயுறுவார் குறைந்தனர்.

மாக்ஸ் முல்லர் பதிப்பாசிரியராக விளங்கிய கீழ்நாட்டுத் திருநூல் வரிசையில் ஆசாராங்கம், கல்பசூத்திரம் ஆகியவற்றின் ஆங்கில மொழிபெயர்ப்பை 1884இலும், உத்தராத்தியயனம், சூத்திரகிருதாங்கம் ஆகியவற்றின் மொழிபெயர்ப்பை 1895இலும் ஜாகோபி வெளியிட்டார். இந்நூல்களின் காலத்தை அவர் கணித்த முறை நோக்கத்தக்கது. நூலில் உள்ள கதைகளை அவர் நம்பி அமையவில்லை, யாப்பை நோக்கினார். சிந்தாமணியின் விருத்தத்தைச் சங்கப் பாடலின் அகவலோடு ஒப்பிட்டு எது முந்தியது எனத் தமிழ் கற்ற மாணவன் கூறிவிடுவான். அவ்வாறே ஆகமங்களில் உள்ள வைதாளீயம், ஆரியை முதலிய பாவகைகளைப் பாலியின் பாக்களோடும் பிற்கால வடமொழிப் பௌத்த நூலாகிய லலிதவிஸ்தரத்தின் பாக்களோடும் ஒப்பிட்டார். சமண ஆகமத்தின் பழைய பகுதிகள் பாலி நூல்களுக்கு அணித்தாகப் பின்னும், லலிதவிஸ்தரத்திற்கு நெடுங்காலம் முன்னும் நிற்பதைக் கண்டார். அவற்றில் கிரேக்க வானநூலின் சாயல் இல்லை என்பதும் துணைநின்றது. அப்பகுதிகள் கி.மு. 4ஆம் நூற்றாண்டின் இறுதியையோ 3ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தையோ சார்ந்தன என முடிவு செய்தார். ஹோராவை ஆராய்ந்த இளமைப் பயிற்சி இங்கே கைகொடுத்தது.

ஒன்றை மறைக்காமல் கூறுதல் வேண்டும். ஜாகோபி ஆராய்ந்த அங்க நூல்கள் சுவேதாம்பரர் போற்றுபவை, கி.பி. 5ஆம் நூற்றாண்டில் வல்லபியில் தேவர்த்தி கணியின் தலைமையில் எழுத்தில் நிலைபெற்றவை. அங்கங்கள் மறைந்துபோயின எனக் கொள்ளும் திகம்பர மரபினராகிய நமக்கு அவை முழுதும் உடன்பாடல்ல. ஆயினும் அவற்றின் மொழியை அறிவதில் நமக்கும் பயன் உண்டு. ஏடெழுதுவோர் தலைமுறைதோறும் உரைநடையில் தம் காலத்துச் சொல்வடிவைப் புகுத்திவிடுவர். செய்யுளிலோ மாத்திரை கெடும் ஆதலின் அவ்வளவு எளிதில் கைவைக்க இயலாது. பழவடிவம் பாட்டில் பதுங்கியிருக்கும். மேலும் வட்டார அடையாளங்களும் உண்டு. சமணர் என ஒருவரைச் சுட்ட அர்த்தமாகதி சமணே என ஏகாரத்தில் முடிக்கும். சௌரசேனி சமணோ என ஓகாரத்தில் முடிக்கும். அசோகனின் கீழைநாட்டுச் சாசனங்களிலும் ஏகாரமே காணப்படும். கிர்நார்ச் சாசனத்தில் ஓகாரம் காணப்படும். ஆகவே ஏகாரம் மகத நாட்டின் குரல். அதனைப் பிற்கால ஏட்டிலும் கேட்க முடிகிறது.

1886இல் ஜாகோபி மாராட்டிரி மொழிக் கதைகள் சிலவற்றைத் தொகுத்து, இலக்கணமும் அகராதியும் சேர்த்து மாணவர்க்கான பாடநூலாக வெளியிட்டார். ஐரோப்பாவில் பல தலைமுறை மாணவர் பிராகிருதம் கற்றது அந்நூலால்தான். கதைகளின் சுவை கருதி மேயர் என்பார் 1909இல் ஆங்கிலத்திலும் பெயர்த்தார். சுவேதாம்பர உரையாசிரியர்கள் எழுதிய மாராட்டிரியில் அர்த்தமாகதியின் சாயல் கலந்துள்ளமையின் அதற்குச் சமண மாராட்டிரி எனத் தனிப்பெயர் அமைந்தது. பொன்னூர் மலையில் தவமியற்றியவராக நாம் வணங்கும் குந்தகுந்த ஆசாரியர் எழுதிய மொழியும் இவ்வாறே சமண சௌரசேனி எனப் பெயர் பெற்றது. அப்பெயரை இட்டவர் ரிச்சர்டு பிஷெல். 1900இல் பிராகிருத மொழிகளின் பேரிலக்கணத்தை எழுதிய பேரறிஞர் அவர். கல்கத்தாவில் சொற்பொழிவாற்ற அழைக்கப்பெற்று இந்தியா வந்தவர், வழியில் நோயுற்று 1908 டிசம்பரில் நம் சென்னையிலேயே உயிர் நீத்தார். குந்தகுந்தரின் மொழிக்குப் பெயரிட்டவர் குந்தகுந்தர் வாழ்ந்த தமிழ்மண்ணிலேயே அடங்கினார் என எண்ணுந்தோறும் நெஞ்சம் நெகிழ்கிறது.

ஜாகோபியின் பணியில் நம்மவர் உள்ளத்தைப் புண்படுத்திய பகுதியும் ஒன்றுண்டு. 1884ஆம் ஆண்டு மொழிபெயர்ப்பில், துறவியர் உணவேற்கும் விதிகளைக் கூறும் ஆசாராங்கப் பகுதி ஒன்றில் வரும் மம்ஸ, அட்டி, மச்ச என்னும் சொற்களை இறைச்சி, எலும்பு, மீன் என அவர் பெயர்த்துவிட்டார். கொல்லாமையே உயிரெனக் கொண்ட சமயத்தின் ஆகமத்தில் இப்படி ஒரு பொருளா எனச் சமணப் பெருமக்கள் கொதித்தெழுந்து வன்மையாக மறுத்தனர். அவர்தம் மறுப்பில் மொழிநூல் நியாயமும் இருந்தது. மாம்பழத்தின் உள்ளீட்டை நாம் சதை என்கிறோம். அதனால் ஊன் உண்கிறோம் என்று பொருளாகுமா? வடமொழி மருத்துவ நூல்களில் மாம்ஸ என்பது கனியின் சதையையும், அஸ்தி என்பது கனியின் கொட்டையையும் குறிப்பதுண்டு. பாலியிலும் அட்டி என்னும் சொல் மாங்கொட்டைக்கு வழங்கும். ஒலி மாறுவதற்கு விதி கூறலாம். பொருள் மாறுவதற்கு அத்தகைய விதி இல்லை. ஒருகாலத்தில் நறுமணத்தைக் குறித்த நாற்றம் இன்று எதனைக் குறிக்கிறது என்பதை யாவரும் அறிவர். சொல்லின் பொருளை அகராதி மட்டும் தீர்மானிக்க இயலாது. அதனை வழங்கும் சமுதாயத்தின் ஒழுக்கத்தையும் கேட்டறிதல் வேண்டும். 34 வயதில் ஏட்டை மட்டும் துணைக்கொண்டு செய்த மொழிபெயர்ப்பில் அக்கேள்வி கேட்கப்படவில்லை என்பதே எம் கருத்து.

நெடுங்காலத்திற்குப் பின், 1928இல் எழுதிய ஒரு கடிதத்தில் ஜாகோபி தம் கருத்தை மாற்றிக்கொண்டார். பதஞ்சலியின் மகாபாஷியத்தில் வரும் ஓர் எடுத்துக்காட்டைச் சுட்டி, உண்ணத்தக்கது சிறிதும் எறியத்தக்கது பெரிதுமாக உள்ள பொருளுக்கு உவமையாகவே அச்சொற்கள் நின்றன என விளக்கினார். அப்போது அவர்க்கு வயது 78. உலகம் போற்றும் நிலையில் இருந்தவர், தம் இளமைக்கால உரையை அந்த வயதில் திருத்திக்கொண்டார். அப்பகுதி குறித்து ஆய்வாளரிடையே இன்றும் ஒருமித்த கருத்து ஏற்பட்டிலது.

1885இல் கீல் நகரிலும் 1889 முதல் பான் நகரிலும் பேராசிரியராக விளங்கிய ஜாகோபியின் பிற நூல்கள் பல. இராமாயணம் பற்றி 1893இல் ஒரு நூல். மகாபாரதத்திற்கு 1903இல் ஒரு பொருளடைவு. தொனியாலோகத்திற்கு ஜெர்மன் மொழிபெயர்ப்பு. வேதத்தின் காலத்தை விண்மீன் நிலையால் கணித்த கட்டுரை எனத் துறைதோறும் எழுதினார். அதே 1893இல் திலகரும் தனித்து அவ்வழியில் வேதகாலத்தை ஆராய்ந்து நூல் வெளியிட்டது வியப்பே. எனினும் இருவர் கணிப்பையும் பின்வந்தோர் பெரும்பாலும் ஏற்கவில்லை. 1897இல் தொகைச்சொல்லும் துணைவாக்கியமும் பற்றி அவர் எழுதிய நூல், வாக்கிய அமைப்பும் காலத்தால் மாறுவது என்பதைக் காட்டியது. இரு பிரிவினர்க்கும் பொதுவான தத்துவார்த்த சூத்திரத்தை 1906இல் ஜெர்மன் மொழியில் பெயர்த்தளித்தார். பகவான் நிர்வாணம் எய்திய ஆண்டு கி.மு. 527 என்னும் நம் மரபை மட்டும் அவர் ஏற்றிலர். அதனை ஐம்பது அறுபது ஆண்டுகள் பிற்படுத்தியே கூறினார்.

1913–14ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில் ஜாகோபி மீண்டும் இந்தியா வந்தார். கல்கத்தா பல்கலைக்கழகத்தில் அணியிலக்கணம் பற்றிச் சொற்பொழிவுகள் நிகழ்த்தினார். அப்பல்கலைக்கழகம் அவர்க்குக் கௌரவ டாக்டர் பட்டம் வழங்கிற்று. சமணப் பெருமக்கள் ஜைன தரிசன திவாகரர் என்னும் விருதளித்துப் போற்றினர். முதற்பயணத்தில் பூலரின் துணைவராகச் சுவடியறைக்குள் நுழைந்தவரை இம்முறை முனிவர்களே வரவேற்றுச் சுவடிகளைக் காட்டினர். 1914இல் அகமதாபாத்தில் அவர் முன் வைக்கப்பட்ட ஏடுகளுள் ஒன்று அவரைத் திகைக்க வைத்தது. அது தனபாலர் இயற்றிய பவிஸத்தகஹா. அதன் மொழி அபபிரம்சம்!

இம்மகிழ்ச்சியின் காரணத்தை விளக்க வேண்டும். பிராகிருதத்திற்கும் இன்றைய இந்தி, குஜராத்தி, மராத்தி மொழிகளுக்கும் இடையே ஒரு படி இருந்திருக்க வேண்டும் என மொழிநூலார் அறிந்திருந்தனர். ஹேமசந்திரர் தம் இலக்கணத்தில் அம்மொழிக்கு விதி கூறி மேற்கோட் பாடல்களும் தந்திருந்தார். பிஷெல் 1902இல் அத்தகைய துணுக்குகளையெல்லாம் திரட்டி வெளியிட்டார். ஆயின் முழு நூல் ஒன்றுகூட ஆய்வாளர் கைக்கு எட்டவில்லை. மறைந்தொழிந்தன என்றே பலரும் கருதினர். ஏணியில் ஒரு படி இல்லாதிருந்தது. அப்படியைச் சமணரே தம் பண்டாரங்களில் காத்துவைத்திருந்தனர். கை என்னும் பொருள்தரும் ஹஸ்தஃ என்னும் வடசொல் பிராகிருதத்தில் ஹத்தோ ஆயிற்று. அபபிரம்சத்தில் ஈற்று ஓகாரம் குறுகி ஹத்து ஆயிற்று. அவ்வுகரமும் உதிர்ந்து, இரட்டை மெய் ஒற்றையாகி, அவ்விழப்பை ஈடுசெய்ய முன்னின்ற உயிர் நீண்டு இந்தியில் ஹாத் ஆயிற்று. கர்மம் கம்மமாகி, இந்தியில் வேலையைக் குறிக்கும் காம் ஆனதும் அப்படியே. நம் நட்சத்திரங்களுள் ஹஸ்தம் என்பது தமிழில் அத்தம் என வழங்குவது பிராகிருதப் படியிலேயே அச்சொல் நம்மிடம் வந்து தங்கியமையால்தான்.

பவிஸத்தகஹா நமக்கு நெருக்கமான கதை. மாற்றாந்தாய் மகனால் தீவொன்றில் தனித்து விடப்பட்ட வணிக இளைஞன் பவிஸத்தன் துயரனைத்தும் கடந்து உயர்வெய்துவதையும், சுருதபஞ்சமி நோன்பின் பயனையும் அது கூறும். சுருதபஞ்சமி என்பது நூல்களைப் போற்றும் நாள். நூலைக் காக்கச் சொல்லும் நோன்பின் கதையே மறைந்த ஒரு மொழியைக் காத்துத் தந்தது. ஜாகோபி நாடு திரும்பிய ஆண்டிலேயே முதல் உலகப்போர் மூண்டது. போர்க்காலத்தில் அமைதியாக அமர்ந்து இலக்கணமும் சொல்லடைவும் எழுதி 1918இல் அந்நூலை மூனிச் நகரில் வெளியிட்டார். சனத்குமார சரிதம் என்னும் மற்றோர் அபபிரம்ச நூலை 1921இல் பதிப்பித்தார். விமலசூரியின் பௌமசரியத்தை 1914இலேயே அச்சேற்றியிருந்தார். அந்நூலின் மொழியையும் அதில் பயிலும் கிரேக்கச் சோதிடச் சொற்களையும் கொண்டு அதன் காலத்தை ஆராய்ந்தார்.

1922இல் பணியிலிருந்து ஓய்வு பெற்றார். சமணக் கர்ம சித்தாந்தத்தை ஆராய்ந்து புகழ்பெற்ற ஹெல்முத் வான் கிளாசெனாப், பௌத்த தருக்கத்தில் பேரறிஞரான ருஷ்ய நாட்டு ஷெர்பாட்ஸ்கி ஆகியோர் அவரிடம் பயின்றோர். 1937 அக்டோபர் 19ஆம் நாள், தம் 87ஆம் வயதில் பான் நகரில் ஜாகோபி காலமானார். மூடபித்ரியில் ஓலைச்சுவடியாகப் போற்றப்பட்டு வந்த ஷட்கண்டாகமம் தவளை உரையுடன் அச்சில் வரத் தொடங்கியது 1939இல். திகம்பர மரபின் அப்பெருநூலின் சௌரசேனியை அவர் காணக் கொடுத்து வைக்கவில்லை. அவருடைய சிறு கட்டுரைகள் திரட்டப்பெற்று 1970இல் ஜெர்மனியில் வெளிவந்தன. பிராகிருதத்தைச் செம்மொழியாக இந்திய அரசு அறிவித்தது 2024 அக்டோபரில்.